பேர் விடுபடாத திருநாள்

அந்த யோசனை எனக்குத் தறிக்குழிக்குள் உட்கார்ந்திருந்தபோது தோன்றியது. தோன்றவேண்டிய இடத்தில், அதாவது பரீட்சை மண்டபத்தில், எனக்கு எந்த யோசனையும் ஒருநாளும் தோன்றியதில்லை. இன்டர்மீடியேட்டில் கணக்குப் பாடம் என்னைக் கவிழ்த்த வருஷம் அது. அப்பா ஒரு வார்த்தை திட்டவில்லை. சேலத்தில் எங்கள் வீட்டுப் பின்கட்டில் இருந்த தறிப்பட்டறைக்கு என்னை அனுப்பிவிட்டார். நெசவுகாரர் சாப்பிடப் போன முக்கால் மணி நேரம் நான் தறியைப் பார்த்துக்கொள்ள வேண்டும், அவ்வளவுதான் வேலை.

பார்த்துக்கொள்வதோடு நின்றிருக்கலாம். குறுக்கிழை ஓட்டுகிற நாடாவை எடுத்து நாலு தரம் ஓட்டினேன். பதினோரு இழை அறுந்தது. பயந்துபோய்ச் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தால், அவர் போய் மூன்று நிமிஷந்தான் ஆகியிருந்தது. மிச்சமிருந்த நேரத்தில் நான் செய்யக்கூடியது ஒன்றுமில்லை. அதனால் சிந்தித்தேன்.

பொழுதையும் யாரோ எங்கேயோ குழியில் உட்கார்ந்து நெய்துகொண்டிருந்தால்? நாளுக்கொரு முழம் துணியாக அது வந்துகொண்டிருந்தால்? அதிலும் தறி என்னைப் போன்ற ஒருவன் கையில் சிக்கியிருந்தால்? போன வருஷத்தில் எனக்கு நினைவே இல்லாத நாட்கள் எந்த ஓட்டை வழியாக விழுந்தன என்பது அந்த நிமிஷமே விளங்கிவிட்டது.

ஒரு வாரத்தில் ஒரு நாடே தயாராகிவிட்டது. பெயர் நாளாடை. அங்கே நாட்களை நெய்கிறார்கள். வருஷக் கடைசியான மார்கழி முதல் வெள்ளியில் பழைய பாவு, அதாவது துணிக்கு நீளவாக்கில் ஓடும் இழை, தீர்ந்துபோகும்; புதுப் பாவின் தலையை அதன் முடிவோடு இழை இழையாகப் பிணைக்க வேண்டும். அதற்கு ஒரு நாள் பிடிக்கும். அந்த நாள் எந்த வருஷத்திலும் சேராது, யார் வயசிலும் ஏறாது. அதுதான் அவர்களுடைய பிணைப்புத் திருநாள். ஊரார் ஆளுக்கொரு இழையோடு வருவார்கள். தங்கள் பேரைச் சொல்லி முடிச்சுப் போடுவார்கள். இந்த இடத்தில் நான் ஒரு வாக்கியம் எழுதினேன்: "அன்று ஒருவரும் வேலை செய்வதில்லை, ஆயினும் ஒருவர் பேரும் விடுபடுவதில்லை." இந்த ஒரு வரிக்கு இரண்டு நாள் ஆயிற்று. எழுதி முடித்ததும் எழுந்து கண்ணாடி முன்னால் போய் நின்றது நினைவிருக்கிறது.

கதை என்று சொல்லிக்கொண்டு எழுதினால் மதிப்பிருக்காது என்று, நானே அந்த நாட்டுக்குப் போய் வந்தவனைப் போல எழுதினேன். சிங்கப்பூரில் நடந்த ஒரு தமிழ் வாரப் பத்திரிகைக்கு அனுப்பினேன். உள்ளூர்ப் பத்திரிகைகள் என்னை ஏற்கெனவே அறிந்திருந்தன. சிங்கப்பூர்க்காரர்கள் பாவம், அறியாமல் போட்டுவிட்டார்கள்.

மறு வருஷம் மாமா என்னைச் சிங்கப்பூருக்கு அனுப்பினார். கைலி வியாபாரம், ஆறு மாதிரிக் கைலிகள் அடங்கிய ஒரு மூட்டை, காட்டவேண்டிய கடைகளின் விலாசம். கப்பலை விட்டு இறங்கியதும் நான் போன முதல் விலாசம் மூட்டையோடு சம்பந்தப்பட்டதல்ல. பத்திரிகை ஆசிரியர் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "நீங்கதானா? வயசானவர்னு நெனச்சேன்" என்று மேஜைக்குள்ளிருந்து ஒரு கடிதத்தை எடுத்துக் கொடுத்தார்.

"கனம் யாத்திரிகர் ஐயா அவர்களுக்கு, ஜொகூர், கோத்தா திங்கி போகும் சடக்கு, பதினெட்டாங்கட்டைத் தோட்டத்து மண்டோர் மாணிக்கம் எழுதிக்கொண்டது. நாளாடை நாட்டைப் பற்றித் தாங்கள் எழுதியதை ஏழு தரம் படித்துக் கேட்டோம். மார்கழி முதல் வெள்ளியில் பிணைப்புத் திருநாளை எங்கள் தோட்டத்திலும் நடத்தத் தீர்மானித்து, துரையிடமும் சொல்லியாயிற்று. முறை தெரிந்தவர் தாங்கள் ஒருவரே. நேரில் வந்து நடத்தித் தரவும். வராவிட்டால் எங்கள் பாடு கஷ்டம்."

ஏழு தரம். என் தாயார் பாதி தரம் கேட்டுவிட்டுத் தூங்கிப்போனவர். கடைசி வரியை, வாசகர்கள் என்னைப் பார்க்கத் துடிக்கிறார்கள் என்று அர்த்தம் செய்துகொண்டேன். வெள்ளிக்கு இன்னும் மூன்றே நாள். கைலிகள் ஜொகூரிலும் விலை போகும் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டு, புதன்கிழமை பஸ்ஸில் வருவதாக மாணிக்கத்துக்குத் தந்தி கொடுத்தேன்.

புதன்கிழமை காலை ஜொகூர் பாருவில் இருந்தேன். கடலுக்குக் குறுக்கே கல்லைக் கொட்டிப் பாதை போட்டு, அதன்மேல் ரயிலையும் மோட்டாரையும் விட்டிருக்கிறார்கள். எங்கள் ஊரில் திருமணிமுத்தாற்றுக்கு ஒரு பாலம் பழுது பார்ப்பதற்குள் கமிட்டிக்காரர்கள் பாதிப் பேர் தாத்தாக்களாகி விடுகிறார்கள்.

கடைத்தெருவில் ஒரு தமிழ் முஸ்லிம் சாப்பாட்டுக் கடை. முதலாளி முகம் மலர, "தம்பி பசியாறியாச்சா?" என்றார். நம் ஊரில் யாராவது "சாப்பிட்டாச்சா" என்றால், வயிறு ஒட்டிக் கிடந்தாலும் "ஆச்சுங்க" என்பதுதானே மரியாதை. "ஆச்சுங்க" என்றேன். டின் பால் ஊற்றிய கோப்பியை மட்டும் வைத்துவிட்டுப் போய்விட்டார். அடுத்த மேஜைக்கு ரொட்டியும் மீன் குழம்பும் வந்தன. வாசனை என் பக்கம் வந்தது. இந்த நாட்டில் பசியாறுவது என்றால் காலைச் சாப்பாடு என்பது எனக்குத் தெரிந்தபோது பஸ் கிளம்பிவிட்டது.

பஸ்ஸில் ஓட்டுபவர் சீனர். டிக்கெட் கொடுப்பவர் மலாய்க்காரர். ஆனால் தோட்டத்து ஜனங்களோடு பழகிப் பழகி நன்றாகவே தமிழ் பேசினார். "பதினெட்டாங்கட்டையா? வந்தா நான் சொல்றேன், தம்பி தூங்கு" என்றார். நான் தூங்கவில்லை. பதினெட்டு கட்டைகளை ஒன்றாக அடுக்கியிருப்பார்களா, அல்லது பதினெட்டாவதாக வரும் கட்டையா என்று ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டே வந்தேன். வெட்டிப் போட்ட பெரிய பெரிய மரங்கள் சாலையோரம் குவிந்து கிடந்த ஓர் இடம் வந்தது. மணிக் கயிற்றை இழுத்தேன்.

"தம்பி, இது கட்டை இல்ல."

"கண்ணால் பார்க்கிறேனே. இது கட்டை இல்லாமல் வேறென்ன?"

அவர் என்னையும் மரக் குவியலையும் பார்த்தார். மரத்தின்மேல் உட்கார்ந்து வெற்றிலை மென்றுகொண்டிருந்த இரண்டு மலாய்க்காரர்கள் அவரிடம் ஏதோ கேட்டார்கள். பஸ் நகரும்போது அவர் எட்டிப் பார்த்து மொழிபெயர்த்துச் சொன்னார்: "மரம் வாங்க வந்த தவுக்கேயா, முதலாளியான்னு கேக்குறாங்க. ஆமான்னு சொல்லிட்டேன்."

அரை மைல் நடந்த பிறகு, காலைக் கடித்த அட்டைகளைப் பிடுங்க ஒரு வெள்ளைக் கல்லின்மேல் உட்கார்ந்தேன். கல்லில் பதினைந்து என்று எழுதியிருந்தது. மைல் கல்லைத்தான் இந்த நாட்டுத் தமிழர்கள் கட்டை என்கிறார்கள். சொல்லை வைத்துப் பிழைக்க ஆசைப்படுகிறவன் நான். அதன்மேலேயே உட்கார்ந்துகொண்டு அதைத் தேடியிருக்கிறேன். மிச்சம் மூன்று மைலும் மழை என்னோடு வந்தது.

பதினெட்டில், குடையும் அரைக்கால் சட்டையுமாக, நாற்பது வயது மதிக்கத்தக்க ஒல்லியான மனிதர் காத்திருந்தார். மண்டோர் மாணிக்கம். தோட்டத்தில் நாற்பது ஐம்பது பேரை மேய்க்கிற பொறுப்பு அவருடையது.

"பஸ் வந்து போயி ஒரு மணி நேரம் ஆச்சு. தம்பியக் காணோமேன்னு பாத்தேன்."

"கட்டையில் இறங்கிவிட்டேன்" என்றேன்.

அவர் ஒரு கணம் யோசித்தார். பிறகு முகத்தை ரப்பர் மரங்களின் பக்கம் திருப்பிக்கொண்டார். தோள்கள் மட்டும் குலுங்கின.

தொழிலாளர்கள் குடியிருக்கும் லயத்தில், மாணிக்கம் வீட்டு வாசலில் சாயங்காலச் சாப்பாடு. மரவள்ளிக் கிழங்கு, கருவாட்டுக் குழம்பு, பெலாச்சான் என்கிற இறால் விழுதை வறுத்து மிளகாயோடு இடித்த சம்பல். சுற்றிலும் இருபது பேராவது உட்கார்ந்திருந்தார்கள். எல்லாருக்கும் நாளாடையைப் பற்றிக் கேள்வி.

"அந்த ஊருக்குக் கப்பல் எங்கேருந்து தம்பி போவுது?"

"தூத்துக்குடியிலிருந்து. ஆனால் எப்போதாவதுதான்."

"அங்க அட்டை உண்டா?"

"அறவே கிடையாது." இதைச் சொல்லும்போது என் குரலில் ஏக்கம் இருந்தது.

ரப்பர் மரத்தில் பால் வெட்டும் அஞ்சலை என்ற பெண் தூணில் சாய்ந்து நின்றாள். முப்பது வயதிருக்கும். "அட்டை இல்லேன்னா மழை இல்ல. மழை இல்லேன்னா பருத்தி ஏது? என்னாத்த நெய்யிறாங்க, வெயிலையா?" என்றாள்.

ஒரு பெண் மூன்று வாக்கியத்தில் என் நாட்டை மூடிவிட்டாள். இத்தனை நல்லவர்களை ஏமாற்றுகிறோமே என்ற வேதனை என்னை அழுத்தியது. அந்த நேரம் பார்த்துச் சம்பல் தொண்டையில் ஏறிக் கண்ணில் தாரைதாரையாகக் கொட்டியது. "என்னை மன்னியுங்கள். அப்படி ஒரு நாடே கிடையாது. எல்லாம் என் கற்பனை" என்றேன்.

மாணிக்கம் தண்ணீர்ச் செம்பை என் பக்கம் நகர்த்தினார்.

"அது தெரியும் தம்பி. அழுவாம சோத்தச் சாப்பிடுங்க."

"தெரியுமா?"

"வேலைக்குப் போவாத நாள்ல பேர் விழற ஊரு ஒலகத்துல எங்கயாச்சும் இருக்குமா?" என்றாள் அஞ்சலை. "மண்டோரு அந்த எடத்தப் படிச்சதுமே இது சுத்தப் பொய்யின்னு தெரிஞ்சுபோச்சு. ஆனா நல்ல பொய்யி."

பேர் எங்கே விழுகிறது என்று கேட்டேன். அன்று முழுவதும் நான் கேட்டவற்றில் அது ஒன்றுதான் உருப்படியான கேள்வி. மாணிக்கம் விளக்கினார். விடியற்காலையில் எல்லாரும் ஒரு களத்தில் வரிசையாக நிற்க வேண்டும். அதற்குப் பெரட்டு என்று பெயர். கிராணி, அதாவது தோட்டத்துக் கணக்குப்பிள்ளை, புத்தகத்தைப் பார்த்துப் பேரைக் கூப்பிடுவார். பேர் கூப்பிடப்பட்டவன் வேலைக்குப் போனால் அன்றைக்குப் பேர் விழுந்தது, கூலியும் உண்டு. போகாவிட்டால் இல்லை.

"அன்று ஒருவரும் வேலை செய்வதில்லை, ஆயினும் ஒருவர் பேரும் விடுபடுவதில்லை." நான் கண்ணாடி பார்த்துக்கொண்ட வாக்கியம். ஏழு தரம் படித்ததும் இதற்காகத்தான்.

இங்கே நான் வாயை மூடிக்கொண்டிருக்கலாம். ஆனால் எழுதியவன் இருக்கும்போது அர்த்தம் வேறாகப் போகலாமா? "அந்த இடத்தில் பேர் என்பது அதுவல்ல. மனிதன் மறைந்தாலும் காலத்தின் துணியில் மறையாமல் நிற்கிற..." என்று ஆரம்பித்தேன். அவர்கள் பொறுமையாகக் கேட்டார்கள். நான் முடித்ததும் அஞ்சலை சொன்னாள்:

"மழை பேஞ்சா வெட்டு இல்ல, பேரும் இல்ல. காச்சல்ல படுத்தா பேரு இல்ல. புள்ள பெத்த நாள்ல பேரு இல்ல. வேலை செய்யாத நாளெல்லாம் நாங்க இல்லாத நாளுங்க தம்பி. பொஸ்தகத்தப் பாத்தா, வருசத்துல பாதி நாளு அஞ்சலை எங்க போனான்னே தெரியாது. சும்மா ஒக்காந்திருந்த ஒரு நாளு, அன்னிக்கும் இவ இருந்தான்னு எழுதட்டுமே. ஒரு நாளு போதும்."

போன வருஷம் எனக்குத் தொலைந்துபோன நாட்களைப் பற்றிக் கதை எழுதிய நான், இலையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

துரை எப்படிச் சம்மதித்தார் என்பது அடுத்து விளங்கியது. துரை வெள்ளைக்காரர், கீழ்நாட்டு வழக்கங்களைக் கண்டுபிடித்து நோட்டுப் புத்தகத்தில் எழுதி வைப்பதில் பைத்தியம். இதுவரை எந்தத் துரையும் எழுதாத ஒரு திருநாள் தன் தோட்டத்திலேயே அகப்பட்டதில் அவருக்குத் தலைகால் புரியவில்லை. இது உண்மையான வழக்கம் என்று மாணிக்கம் தன் வேலையை வைத்து உறுதி சொல்லியிருந்தார். துரை அவசரமாகச் சிங்கப்பூர் போகவேண்டி வந்ததால், கிராணிக்கு ஒரு சீட்டு எழுதி வைத்துவிட்டுப் போயிருந்தார்: அச்சில் உள்ளபடியே நடக்க வேண்டும், கூட்டவும் குறைக்கவும் கூடாது, எழுதியவர் உடனிருந்து உறுதிப்படுத்த வேண்டும்.

வியாழக்கிழமை காலை கிராணியாரைப் பார்க்கப் போனேன். யாழ்ப்பாணத்துக்காரர். வெள்ளைக் கோட்டு, மடியில் என் கட்டுரை வெளிவந்த பத்திரிகை. பல வரிகளின் கீழ் சிவப்பு மையில் கோடு.

"வாரும், இரும். நீர் தானோ எழுதினது? இதெல்லாம் கண்ணாலை கண்டதோ?"

"எழுதும்போது கண்டேன்" என்றேன்.

அவர் என்னைக் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். "நடந்ததோ இல்லையோ, அது எனக்குத் தேவையில்லை. அச்சிலை இருக்கு. துரை அச்சின்படி எண்டு எழுதியிருக்கிறார். ஆனால் தம்பி, இந்த வசனம்..." சிவப்புக் கோட்டில் விரலை வைத்தார். "ஒருவர் பேரும் விடுபடுவதில்லை. எவ்வளவு பெரிய கருத்து. நாமம் எண்டது ஆன்மாவின்ரை அடையாளம். அதைத்தானே சொல்ல வந்தனீர்?"

என் வாழ்நாளில் முதல்முதலாக ஒருவர் என் வாக்கியத்தின் கீழ் சிவப்புக் கோட்டைப் பாராட்டுக்காகப் போட்டிருந்தார். காலேஜில் போட்ட கோடுகள் வேறு வகை. தலையை ஆட்டினேன். ஆட்டியிருக்கக் கூடாது. அப்போது அது தெரியவில்லை.

"சரி. 'பழைய பாவோடு புதிய பாவைப் பிணைப்பார்கள்.' பாவு எங்கே?"

தோட்டத்தில் தறி கிடையாது. நான் சேலத்துக்காரன், தறிகளுக்கு நடுவில் பிறந்தவன், சாயங்காலத்துக்குள் எல்லாம் தயார் என்று சொல்லிவிட்டு வந்தேன். மாமாவின் மாதிரிக் கைலிகளில் இரண்டை எடுத்தேன். இரண்டின் ஓரத்தையும் பிரித்து, இழைகளை ஒன்றோடொன்று முடிந்துவிட்டால் பிணைப்பு ஆயிற்று என்பது என் திட்டம். பத்து மணிக்குப் பிரிக்க ஆரம்பித்தேன். பால் வெட்டிவிட்டு அஞ்சலை திரும்பி வந்தபோது என் இடது கை நூலுக்குள் இருந்தது.

"பூனை ஏதும் வந்துச்சா தம்பி?"

"இல்லை. நான்தான்."

பக்கத்துக் கம்பத்திலிருந்து, அதாவது மலாய்க் கிராமத்திலிருந்து, பாய் விற்க வந்த மக் தீமா என்ற மலாய்க்கார அம்மாள் கொஞ்ச நேரம் நின்று வேடிக்கை பார்த்தாள். பிறகு ஏதோ கேட்டாள். அஞ்சலை சிரிப்பை அடக்கிக்கொண்டு எனக்குச் சொன்னாள்: "எதையோ தொலைச்சுட்டு அதுக்குள்ள தேடுறாரான்னு கேக்குது."

விஷயத்தைச் சொன்னதும் மக் தீமா என்னைக் கையால் நகர்த்திவிட்டு உட்கார்ந்தாள். தாழை மடலைக் கீறிக் காயவைத்த ஓலைக் கீற்றுகள் ஒரு கட்டு வைத்திருந்தாள். லயத்துப் பழம் பாய் ஒன்றை விரித்து, அதன் தேய்ந்த ஓரத்தில் புதுக் கீற்றுகளைச் செருகி, மேலும் கீழுமாக நாலு மடக்கு மடக்கினாள். பழைய பாய் முடிகிற இடமும் புதியது தொடங்குகிற இடமும் தெரியவில்லை. நான் ஒரு வாரம் மூளையைக் கசக்கிக் கண்டுபிடித்த திருநாளை அவள் வெற்றிலை மென்றுகொண்டே செய்துவிட்டாள். நானும் ஒரு கீற்றைச் செருகிப் பார்த்தேன். அவள் அதை உருவிப் பக்கத்தில் வைத்தாள்.

கிராணியார் பாயைச் சுற்றி வந்தார். "அச்சிலை 'பாவு' எண்டு இருக்கு. இது பாய்."

"அச்சுப் பிழை" என்றேன்.

அந்தப் பத்திரிகையில் 'கவர்னர் விஜயம்' 'கவர்னர் விஷயம்' என்று வந்ததைப் பார்த்தவர் அவர். நெடுநேரம் யோசித்தார். "ஒரு பிழை ஒத்துக்கொள்ளலாம். ஒண்டுதான்" என்று சிவப்பு மையால் பத்திரிகையில் திருத்தினார்.

வெள்ளிக்கிழமை விடிவதற்கு முன்னே கூரையில் யாரோ சரளைக் கல்லைக் கொட்டுவது போலச் சத்தம். மழை. ஜொகூர் மழை நம் ஊர் மழையைப் போல வந்து தலைகாட்டிவிட்டுப் போகிறதல்ல. குடித்தனம் செய்ய வருகிறது. மழையில் பட்டை நனைந்தால் பால் வெட்ட முடியாது.

பெரட்டுக் களத்தின் ஓரத்தில் தகரக் கொட்டகை ஒன்று இருந்தது. எல்லாரும் அங்கே வந்திருந்தார்கள். தலைக்கு எண்ணெய் வைத்து, துவைத்த துணி உடுத்தி, ஆளுக்கொரு ஓலைக் கீற்றோடு. நடுவில் பாய். கிராணியார் குடையை மடக்கிவிட்டு உள்ளே வந்தார். அவருக்குச் சங்கடமாக இருந்தது முகத்தில் தெரிந்தது.

"மண்டோர், இண்டைக்கு மழை. வெட்டு இல்லை. ஆக இது மழை நாள். மழை நாளிலை பேர் இல்லை எண்டது உமக்குத் தெரியும். சனங்கள் பாயைப் பின்னட்டும், சந்தோஷம். திருநாள் நடந்ததெண்டு துரைக்கு எழுதிவிடுறன்."

மாணிக்கம் என்னைப் பார்த்தார். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். அஞ்சலை மட்டும் கையிலிருந்த கீற்றைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

"ஐயா, அச்சில் ஒருவர் பேரும் விடுபடுவதில்லை என்று இருக்கிறது" என்றேன்.

"ஓம். அந்தப் பேர் வேறை. நேற்று நீரே தலையாட்டினீர். நாமம், ஆன்மா. அதைப் பாயிலை முடியட்டும், ஆர் தடுத்தது?" பத்திரிகையை விரித்து என் முன்னே நீட்டினார். "எழுதினது நீர். நீரே சொல்லும். இதிலை பேர் எண்டால் என்ன?"

ஒரு வார்த்தை. "நாமம்" என்றால் நான் எழுத்தாளன். உலகத்தில் என் எழுத்துக்குக் கோடு போட்ட ஒரே மனிதர் என்னை அப்படியே நினைத்துக்கொண்டு சாகும்வரை இருப்பார். அந்த வரிக்கு நான் செலவழித்த இரண்டு நாளும் வீணாகாது. உண்மையும் அதுதான், எழுதும்போது பெரட்டைப் பற்றி நான் கேள்விப்பட்டதேயில்லை. என் வாய் "நா" என்று ஆரம்பிக்கக்கூடச் செய்தது.

"நா... நான் எழுதியது பெரட்டில் கூப்பிடுகிற பேர்தான், ஐயா."

"பெரட்டுப் பேரோ?"

"ஆமாம். புத்தகத்தில் விழுகிற பேர்."

"வேறை ஒரு கருத்தும் இல்லையோ?"

"இல்லை."

"அவ்வளவுதானோ?"

"அவ்வளவுதான்."

மழைச் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. அவர் பத்திரிகையை மெதுவாக மடித்தார். கோபமாக இருந்தால் எனக்கு எளிதாக இருந்திருக்கும். நல்ல சமையல் என்று நினைத்துச் சாப்பிட்டது நேற்றையப் பழையது என்று தெரிந்தவரைப் போல இருந்தார். "நான் உம்மைப் பெரிசாய் நினைச்சிட்டன்" என்றார். ஆனாலும் அவருக்கு அச்சு அச்சுதான், சீட்டு சீட்டுதான். கோட்டுக்குள்ளிருந்து பேர்ப் புத்தகத்தை எடுத்தார்.

"மாணிக்கம்."

"இருக்கேன்." மாணிக்கம் குனிந்து தன் கீற்றைச் செருகினார். மக் தீமா அதை மடக்கிவிட்டாள்.

ஒவ்வொரு பேராகக் கூப்பிட்டார். வழக்கமாகப் பெரட்டில் "ஆஜர்" என்பார்களாம். அன்று எல்லாரும் "இருக்கேன்" என்றார்கள். யார் சொல்லிக் கொடுத்தது என்று தெரியவில்லை. என் கட்டுரையில் அது இல்லை. கூட்டக் கூடாது என்று சீட்டில் இருந்தும் கிராணியார் அதைக் கண்டுகொள்ளவில்லை.

"அஞ்சலை."

அவள் கீற்றைச் செருகி, தானே மடக்கி, விரலால் அழுத்திவிட்டு, "இருக்கேன்" என்றாள்.

"ராமாயி" என்றபோது பதில் வரவில்லை. லயத்தில் காய்ச்சலாகப் படுத்திருந்தாள். கிராணியார் அடுத்த பேருக்குப் போக இருந்தார்.

"ஒருவர் பேரும்" என்றாள் அஞ்சலை.

அவர் நிமிர்ந்து பார்த்தார். வாசகத்தில் குறை காண முடியவில்லை. "ராமாயி" என்று மறுபடி கூப்பிட்டார். "இருக்கா" என்று இருபது பேர் சேர்ந்து சொன்னார்கள். கிராணியாரின் பேனா நகர்ந்தது. மாணிக்கம் அந்தப் பக்கத்தை எட்டிப் பார்த்தார். பேர் எழுதி முடிகிறவரை பார்த்துக்கொண்டே இருந்தார்.

நான் ஒரு கீற்றோடு முன்னால் போனேன். அஞ்சலை தடுத்தாள். "நீங்க வேணாம் தம்பி. ரெண்டு கைலியப் பிரிச்சு வேலை செஞ்சுட்டீங்க. திருநாள்ல வேலை செஞ்சவங்களுக்குப் பேரு கெடையாது." எல்லாரும் சிரித்தார்கள். கிராணியார்கூட மீசைக்குள் ஏதோ செய்தார்.

மத்தியானம் வரை ஒருவரும் எதுவும் செய்யவில்லை. சோறு பொங்கியது மட்டும் விதிவிலக்கு. ஆட்கள் காலை நீட்டி உட்கார்ந்து மழையைப் பார்த்தார்கள். எழுத ஒன்றுமில்லாத ஒரு நாள் எத்தனை நேரம் நீளும் என்று நான் அன்றுதான் கண்டேன்.

சனிக்கிழமை வெயில் அடித்தது. பஸ்ஸுக்கு மாணிக்கமும் அஞ்சலையும் பதினெட்டாங்கட்டை வரை வந்தார்கள். நன்றி சொல்லப்போகிறார்கள் என்று முகத்தை அடக்கமாக வைத்துக்கொண்டேன்.

"ஒரு கொறை தம்பி" என்றார் மாணிக்கம். "மழை நாள்ல எப்பிடியும் வெட்டு இல்ல. அதுலயே திருநாளும் வந்துபோச்சு. நல்ல வெயில் நாள்ல வந்திருந்தா ஒரு நாள் ஓய்வு மிச்சமாயிருக்கும்."

"அதை ஏன் மார்கழியில கொண்டுபோயி வச்சீங்க?" என்றாள் அஞ்சலை.

"எங்கள் சேலத்தில் மார்கழியில் மழை அவ்வளவாக இல்லை" என்றேன்.

"அடுத்தது எழுதறப்ப மழை இல்லாத மாசமாப் பாத்து எழுதுங்க" என்றார் மாணிக்கம். "துரைக்கு இன்னும் ஒரு திருநாள் வேணுமாம். கிராணி சொன்னாரு. காஹாங் தோட்டத்துலேருந்தும் கேட்டு ஆள் வந்திருக்கு. ரெண்டு நாளா இருந்தாலும் நாங்க வேணாங்க மாட்டோம்."

பஸ் வருவதற்குள், சாலையோரம் இருந்த கிராணியார் வீட்டுக்குப் போய், ஜொகூரில் மழையே பெய்யாத மாசம் எது என்று கேட்டேன். அவர் என்னைக் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார்.

"அப்பிடி ஒரு மாதம் இல்லை, தம்பி" என்றார்.

திங்கட்கிழமை எழுத உட்காரப் போகிறேன். முதலில் அப்படி ஒரு மாசத்தை உண்டாக்க வேண்டும்.